வீட்ல ஒரு மொழி, ஸ்கூல்ல ஒரு மொழி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வீட்ல பேசுற மொழி ஒண்ணு, ஸ்கூல்ல பாடம் நடக்குற மொழி வேற ஒண்ணு. இப்டி வளர்ற குழந்தைங்களோட பெற்றோரும், அவங்களுக்கு பாடம் எடுக்குற டீச்சர்களும் திரும்பத் திரும்ப கேக்குற கேள்விகள இங்க ஒண்ணா சேத்திருக்கேன். வீட்டு மொழிக்கு உதாரணம் தேவைப்படுற இடத்துல தமிழ எடுத்துக்கறேன், வேற மொழிக்காரங்களுக்கும் விஷயம் இதேதான்.

கேள்வி: "வீட்லயும் ஸ்கூல் மொழியே பேசுங்க, அப்பதான் சீக்கிரம் பிக்கப் பண்ணுவான்"னு டீச்சர் சொல்றாங்க. மாத்திடவா?

மாத்தாதீங்க. ஒரே ஒரு பதில் படிக்கத்தான் நேரம் இருக்குன்னா இத மட்டும் படிச்சிட்டுப் போங்க.

டீச்சர் நல்ல எண்ணத்துலதான் சொல்றாங்க, ஆனா வீட்ல நடக்கறது வேற. அம்மாவோ அப்பாவோ தனக்கு சரளமா வர்ற மொழில பேசுறப்ப நீளமா பேசுவாங்க, காரணம் சொல்வாங்க, கதை சொல்வாங்க, "அப்டி பண்ணா என்ன ஆகும் சொல்லு பாப்போம்"னு வம்பிழுப்பாங்க, குழந்தை எதுத்து கேள்வி கேட்டா அதுக்கும் பதில் சொல்வாங்க. அதே ஆள் தடுமாறுற மொழிக்கு மாறினா பேச்சு "சாப்பிடு, வா, படு, பண்ணாத"ன்னு கட்டளையா சுருங்கிடும். ஸ்கூல் மொழியும் பெருசா கூடல, வீட்ல கெடச்சிட்டு இருந்த நல்ல பேச்சும் போச்சு.

கனடாவுல கல்வி ஆய்வாளரா இருக்கிற ஜிம் கம்மின்ஸ் 1979லயே இத பத்தி எழுதியிருக்கார். ஒரு மொழில வளர்ந்த யோசிக்கிற திறமை அந்த மொழியோடயே நின்னுடாது, அடுத்த மொழிக்கும் கை குடுக்கும்ங்கறதுதான் அவரோட வாதம். தமிழ்ல பின்னம்னா என்னன்னு புரிஞ்ச குழந்தை ஸ்கூல் மொழில பின்னத்த முதல்லேர்ந்து புரிஞ்சுக்க வேண்டியதில்ல, அதோட பேரயும் அத சொல்ற விதத்தயும் கத்துக்கிட்டா போதும். ரெண்ட ஒப்பிடறது, இதனாலதான் அது நடந்துச்சுன்னு சொல்றது, ஒரு கதைய கோர்வையா சொல்றது எல்லாமே இப்டித்தான்.

இன்னொரு பக்கமும் இருக்கு. அமெரிக்காவுல லில்லி வாங் ஃபில்மோர் 1991ல எழுதின ஆய்வுல, ரொம்ப சின்ன வயசுலயே ஆங்கிலம் மட்டும் நடக்குற வகுப்புக்குப் போன குழந்தைங்க வீட்டு மொழிய சீக்கிரமே இழந்ததும், கொஞ்ச வருஷத்துல பெத்தவங்களும் பிள்ளையும் மனசுவிட்டு பேசிக்கவே மொழி இல்லாம போனதும் பதிவாகியிருக்கு. பதினாலு வயசுல ஒரு பிள்ள தன் கஷ்டத்த சொல்ல வர்றப்ப அப்பா அம்மாவுக்கு அது புரியணும் இல்லையா? அந்தக் கதவ இன்னிக்கே சாத்திடாதீங்க.

கேள்வி: ஒரே வாக்கியத்துல ரெண்டு மொழியயும் கலக்குறா. குழம்பிட்டாளோ?

குழப்பம் இல்ல. ரெண்டு மொழி தெரிஞ்ச பெரியவங்களும் கலந்துதான் பேசுறோம், இந்தப் பக்கமே அப்டித்தான் இருக்கு. ஒரு மொழில சொல் கைக்கு வரலன்னா இன்னொண்ணுலேர்ந்து எடுத்துப் போடறது கெட்டிக்காரத்தனம். எதிர்ல இருக்கறவங்களுக்கு எந்த மொழி தெரியும்னு பாத்து மாத்திப் பேச ரெண்டு, மூணு வயசுலயே ஆரம்பிச்சிடுவாங்க. கலந்தா திட்டாதீங்க, "டுமாரோ லைப்ரரி லீவு"ன்னு அவ சொன்னா "ஆமா, நாளைக்கு லைப்ரரி லீவு"ன்னு நீங்க பாட்டுக்கு முழு வாக்கியமா திருப்பி சொல்லிட்டு பேச்ச தொடருங்க.

கேள்வி: ஸ்கூல்ல சேர்த்து ரெண்டு மாசம் ஆச்சு, வாயே திறக்கலையாம். வீட்ல நிறுத்தாம பேசுறான்.

புது மொழிக்குள்ள போற நிறைய குழந்தைங்க கொஞ்ச காலம் பேசாம கேட்டுக்கிட்டு மட்டும் இருப்பாங்க, சிலர் சில வாரம், சிலர் பல மாசம். இந்த நேரத்துல உள்ள வேலை நடந்துட்டுத்தான் இருக்கு. டீச்சர் சொன்னத கேட்டு பைய எடுக்கறானா, மத்தவங்க சிரிக்கிறப்ப சிரிக்கிறானா, படத்த காட்டச் சொன்னா சரியா காட்டுறானா? இதெல்லாம் பாருங்க. எழுந்து நின்னு சொல்லுன்னு கட்டாயப்படுத்த வேணாம், தலையாட்டலாம், விரல் காட்டலாம், வரையலாம், எல்லார் கூடவும் சேர்ந்து பாடலாம், அதெல்லாமும் பதில்தான்னு டீச்சர் ஏத்துக்கிட்டா பேச்சு தானா வரும்.

கவலைப்பட வேண்டியது எப்பன்னா, வீட்டு மொழி பேசுற இன்னொரு குழந்தை பக்கத்துல இருந்தும் ஸ்கூல்ல ஒரு வார்த்த வரல, மாசக்கணக்கா உறைஞ்ச மாதிரி நிக்கிறான், சைகை கூட இல்லன்னா அது பதட்டம் சம்பந்தப்பட்டதா இருக்கலாம். அப்ப காத்திருக்காம குழந்தை மனநல நிபுணர்கிட்ட காட்டுங்க.

கேள்வி: இப்ப ஸ்கூல் மொழி தண்ணி மாதிரி பேசுறா. ஆனா பாடத்துல மார்க் வரல. சோம்பேறித்தனமா?

இல்ல. இந்த ஒரு தப்புக் கணக்காலதான் நிறைய பிள்ளைங்க அடி வாங்குறாங்க, அதனால கொஞ்சம் விரிவாவே சொல்றேன்.

கம்மின்ஸ் பிரிச்சு காட்டின ரெண்டு வகை மொழி இருக்கு. ஒண்ணு விளையாட்டு மைதானத்துல பேசுறது: எதிர்ல ஆள் இருக்கு, முகம் தெரியுது, கை காட்டலாம், பாதி சொன்னாலே புரிஞ்சிடும். இன்னொண்ணு பாட மொழி: புத்தகத்துல இருக்கறது, பரீட்சைல கேக்கறது, முகமும் இல்ல சைகையும் இல்ல, சொல்லு மட்டும்தான். முதல் வகை சுமார் ரெண்டு வருஷத்துல கைக்கு வந்துடும். ரெண்டாவதுல கூடப் படிக்கிறவங்களுக்கு ஈடா வர 5லேர்ந்து 7 வருஷம் ஆகலாம்னு அவர் 1981ல கனடாவுல குடியேறின பிள்ளைங்கள வெச்சு காட்டினார். சொந்த மொழில கொஞ்சமும் படிக்காம நேரா புது மொழில ஆரம்பிச்ச பிள்ளைங்களுக்கு இன்னும் அதிகம், 7லேர்ந்து 10 வருஷம் வரைக்கும் போகும்னு அமெரிக்காவுல தாமஸ், காலியர் ரெண்டு பேரும் பின்னால சொன்னாங்க. ஏன் இவ்ளோ நாள்னா, மத்த பிள்ளைங்களும் நின்னு காத்துக்கிட்டு இல்லயே, அவங்களும் ஒவ்வொரு வருஷமும் முன்ன போயிட்டு இருக்காங்க. அவங்க ஒரு வருஷம் நடக்கற தூரத்த இந்தக் குழந்தை அதே ஒரு வருஷத்துல தாண்டி இன்னும் கூடுதலா நடக்கணும்.

ஆனா டீச்சர் காதுல விழறது அந்த சரளமான மைதானப் பேச்சுதான். "மொழி வந்துடுச்சு, இனி உதவி தேவையில்ல"ன்னு ஸ்பெஷல் கிளாஸ நிறுத்திடுவாங்க. அடுத்த வருஷம் சயின்ஸ்ல, சமூக அறிவியல்ல மார்க் கொறஞ்சா "கவனம் இல்ல"ன்னு ரிப்போர்ட் வரும்.

ஒரு கணக்கு பாருங்க. "மீனாகிட்ட 12 பென்சில் இருக்கு. அது ராஜாகிட்ட இருக்கறத விட 5 குறைவு. ராஜாகிட்ட எத்தனை?" மொழில தடுமாறுற குழந்தை "குறைவு"ங்கற ஒரு சொல்ல மட்டும் புடிச்சுக்கிட்டு 12லேர்ந்து 5 கழிச்சு 7ன்னு எழுதும். சரியான விடை 17. கூட்டல் கழித்தல் ரெண்டும் அந்தக் குழந்தைக்கு நல்லாவே தெரியும், தெரியாதது அந்த வாக்கியத்தோட அமைப்பு. வீட்ல அதே கணக்க உங்க மொழில சொல்லிப் பாருங்க. சரியா போட்டா பிரச்சனை எங்கன்னு உங்களுக்கே தெரிஞ்சிடும், அத டீச்சர்கிட்டயும் போய் சொல்லுங்க.

பாடத்துல பெரிய கலைச்சொற்கள விட "ஆகவே", "இருப்பினும்", "ஒப்பிடுக", "காரணம் கூறுக" மாதிரி சொற்கள்தான் அதிகமா கால வாரும். கலைச்சொல்ல டீச்சர் போர்டுல எழுதி விளக்குவாங்க, எல்லா பிள்ளைங்களுக்குமே அது புதுசு. இந்தச் சின்ன சொற்கள யாரும் விளக்க மாட்டாங்க.

கேள்வி: இது மொழியால வர்ற தாமதமா, இல்ல கற்றல் குறைபாடா? எப்டி கண்டுபிடிக்கறது?

ரெண்டு பக்கமும் தப்பு நடக்குது. மொழி பத்தாத குழந்தைய குறைபாடுன்னு முத்திர குத்துறதும் உண்டு, உண்மையான குறைபாட்ட "ரெண்டு மொழி இல்லையா, சரியாயிடும்"னு வருஷக்கணக்கா தள்ளிப் போடறதும் உண்டு. ரெண்டாவதும் சின்னத் தப்பு இல்ல.

முக்கியமான கேள்வி ஒண்ணுதான்: வீட்டு மொழில எப்டி? மொழி வளர்ச்சில உண்மையான கோளாறு இருந்தா அது ரெண்டு மொழிலயும் தெரியும். வீட்டு மொழில வயசுக்கு ஏத்த மாதிரி கதை சொல்றான், விளையாட்டு விதிய விளக்குறான், சண்டை போடுறப்ப நியாயம் பேசுறான்னா கோளாறுக்கு வாய்ப்பு கம்மி. ஆனா ஒண்ணு, வீட்டு மொழிலயே பேச்ச கொறச்சு அது தேஞ்சு போயிருந்தா இந்த அளவுகோல் வேலை செய்யாது, அதயும் சோதிக்கறவங்ககிட்ட மறைக்காம சொல்லணும். எப்ப முதல் சொல் வந்துச்சு, காது நல்லா கேக்குதா, குடும்பத்துல யாருக்காவது பேச்சு லேட்டா வந்துச்சா, அண்ணன் தங்கச்சியோட ஒப்பிட்டா எப்டி, இதெல்லாம் எழுதி எடுத்துட்டுப் போங்க.

சொல் எண்ணிக்கைய ஒரு மொழில மட்டும் எண்ணி "கம்மி"ன்னு சொன்னா ஒத்துக்காதீங்க. சமையல் சம்பந்தமான சொல் வீட்டு மொழில இருக்கும், பரிசோதனைக் கூடத்து சொல் ஸ்கூல் மொழில இருக்கும், ரெண்டயும் சேத்து எண்ணினாதான் உண்மை. பியர்சன்ங்கற ஆய்வாளரோட குழு 1993ல ஸ்பானிஷும் ஆங்கிலமும் பேசுற சின்னக் குழந்தைங்கள இப்டி சேத்து எண்ணிப் பாத்தப்ப ஒரு மொழி மட்டும் பேசுற குழந்தைங்களுக்கு ஈடாத்தான் இருந்தாங்க.

இலக்கணத் தப்பும் அப்டித்தான். தமிழ்ல "நாலு புத்தகம்"னு சொன்னா போதும், "புத்தகங்கள்" வேணும்னு இல்ல. அதனால தமிழ்க் குழந்தை ஆங்கிலத்துல "ஃபோர் புக்"னு சொன்னா அது வீட்டு மொழியோட விதிய அங்க கொண்டு போனது. டீச்சருக்கு இது தெரிஞ்சா பாதி சந்தேகம் தீரும்.

கேள்வி: குழந்தைக்கு ஆட்டிசம் இருக்கு. ஒரு மொழியோட நிறுத்துங்கன்னு சொல்றாங்க.

இந்த அறிவுரைக்கு ஆதாரம் இல்ல. ஆட்டிசம் இருக்கிற, டவுன் சிண்ட்ரோம் இருக்கிற, மொழி வளர்ச்சிக் கோளாறு இருக்கிற குழந்தைங்கள பாத்த ஆய்வுகள்ல ரெண்டாவது மொழியால நிலைமை மோசமாச்சுன்னு வரல. கனடாவுல ஜொஹான் பாரடிஸ் குழு 2003ல பிரெஞ்சும் ஆங்கிலமும் பேசுற, மொழிக் கோளாறு இருக்கிற 7 வயசுக் குழந்தைங்கள அதே கோளாறு இருக்கிற ஒரு மொழிக் குழந்தைங்களோட ஒப்பிட்டாங்க, சிரமம் ஒரே அளவுலதான் இருந்துச்சு. தாத்தா பாட்டியும் அம்மாவும் பேசுற மொழிய இந்தக் குழந்தைகிட்டேர்ந்து எடுத்துட்டா வீட்லயே அது தனியாயிடும். ஏற்கனவே மத்தவங்களோட ஒட்ட கஷ்டப்படுற பிள்ளைக்கு இதச் செய்யலாமா?

கேள்வி: டீச்சர் கேக்கறேன். எனக்கு அவங்க மொழி ஒரு சொல் கூட தெரியாது, கிளாஸ்ல நாலஞ்சு மொழி இருக்கு. நான் என்னதான் பண்றது?

உங்களுக்கு அந்த மொழி தெரியணும்னு இல்ல, அதுக்கு உங்க வகுப்புல எடம் இருந்தா போதும்.

முதல்ல நேரம் குடுங்க. கேள்வி கேட்டு டீச்சர்கள் சராசரியா ஒரு செகண்ட் அளவுக்குத்தான் காத்திருக்காங்க, அத மூணு செகண்டுக்கு மேல ஆக்கினா எல்லா பிள்ளைங்களோட பதிலும் நீளமா, நல்லா வருதுன்னு மேரி பட் ரோங்கற கல்வி ஆய்வாளர் 1970கள்ல காட்டினார். ரெண்டு மொழிக் குழந்தைக்கு கேள்விய புரிஞ்சு, பதில யோசிச்சு, அத இந்த மொழில கட்டணும், மூணு வேலை. மனசுக்குள்ள பத்து வரைக்கும் எண்ணுங்க.

அடுத்து, ஒரே மொழி பேசுற ரெண்டு பிள்ளைங்க இருந்தா பக்கத்துல உக்கார வெச்சு முதல்ல அவங்க மொழில பேசி யோசிக்க விடுங்க, அப்பறம் ஸ்கூல் மொழில எழுதட்டும். வகுப்புல ரெண்டு மொழியயும் திட்டம் போட்டு பயன்படுத்துற இந்த வழி 1990கள்ல வேல்ஸ்ல கென் வில்லியம்ஸ்ங்கற கல்வியாளர்கிட்டேர்ந்து வந்துச்சு: ஒரு மொழில படி, இன்னொரு மொழில எழுது. ஒரு மொழில படிச்சத இன்னொண்ணுல சொல்லணும்னா விஷயம் புரிஞ்சே ஆகணும், வரிய அப்படியே காப்பி அடிக்க முடியாது.

பாடத்துக்கு முந்தின நாளே அஞ்சாறு முக்கியமான சொல்ல படத்தோட வீட்டுக்கு அனுப்புங்க, பெத்தவங்க அத தங்க மொழில பேசி அனுப்பட்டும். போர்டுல வாக்கியத் தொடக்கம் எழுதிப் போடுங்க, "இந்த ரெண்டுக்கும் உள்ள வித்தியாசம்...", "இது நடக்கக் காரணம்..." மாதிரி, புள்ளி வெச்ச இடத்த பிள்ள நிரப்பட்டும். தப்பா பேசினா எல்லார் முன்னாடியும் திருத்தாம சரியான வடிவத்த உங்க பதில்ல சேத்து சொல்லிடுங்க.

இன்னொண்ணு கேட்டுக்கறேன், மொழி பத்தலங்கறதுக்காக பின்தங்கின குரூப்ல போடாதீங்க. அங்க கேக்குற மொழியே மெலிஞ்சு இருக்கும், அதுலேர்ந்து எப்டி வளரும்? பாடத்த எளிமையாக்க வேணாம், பாடத்துக்கு ஏற படி போட்டுக் குடுங்க.

கேள்வி: எல்லா பிள்ளைங்களுக்கும் ஒரே புத்தகம், ஒரே டீச்சர், ஒரே பரீட்சை. அதுதானே நியாயம்?

அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1974ல லாவ் எதிர் நிக்கல்ஸ் வழக்குல இதே கேள்விக்குத்தான் பதில் சொல்லிச்சு. சான் ஃபிரான்சிஸ்கோவுல சீன மொழி பேசுற ஏறத்தாழ 1,800 பிள்ளைங்க எந்த மொழி உதவியும் இல்லாம ஆங்கில வகுப்புல உக்காந்திருந்தாங்க. புரியாத மொழில அதே புத்தகத்தயும் அதே டீச்சரயும் குடுக்கறது சமமா நடத்துறது ஆகாதுன்னு தீர்ப்பு. எனக்கும் அதேதான் தோணுது.

கேள்வி: எழுத்து? ரெண்டையும் ஒரே நேரத்துல கத்துக் குடுக்கலாமா?

குடுக்கலாம். எழுத்துங்கறது ஒலிய குறிக்குது, ஒலிய கோத்தா சொல் வருது, இந்த ரகசியத்த ஒரு தடவ புரிஞ்சிக்கிட்டா போதும், அடுத்த எழுத்து முறைக்கு அது தானா வரும். எது குழந்தை நல்லா பேசுற மொழியோ அதுல வாசிக்க ஆரம்பிக்கறது சுலபம், எழுத்துக் கூட்டி படிச்சதும் "அட, இந்த சொல்லு எனக்கு தெரியுமே"ன்னு பிடி கெடைக்கும். யுனெஸ்கோ 1953லயே தாய்மொழில படிப்ப ஆரம்பிக்கறது நல்லதுன்னு சொன்னதுக்கு இதுவும் ஒரு காரணம்.

தமிழ்ல கூடுதலா ஒரு சிக்கல், பேசுறது ஒரு மாதிரி எழுதுறது ஒரு மாதிரி. "வந்துட்டாங்க"ன்னு பேசுற குழந்தை புத்தகத்துல "வந்துவிட்டார்கள்"னு பாத்தா அந்நியமா தோணும். அதனால சின்ன வயசுலேர்ந்தே புத்தகத் தமிழ காதுல போடுங்க, வாசிச்சுக் காட்டுறப்ப பேச்சுத் தமிழுக்கு முழுசா மாத்திடாம இருக்கறபடியே படிங்க, புரியலன்னா நிறுத்தி சொல்லுங்க.

கேள்வி: நான் தமிழ்ல கேக்கறேன், அவன் ஸ்கூல் மொழில பதில் சொல்றான்.

ரொம்ப சகஜம், முக்கியமா ஸ்கூல் போக ஆரம்பிச்சதும். நீங்க விடாம தமிழ்லயே பேசுங்க, அவனுக்கு புரியுதுங்கறதே பெரிய சொத்து. "தமிழ்ல சொன்னாதான் தருவேன்"னு மிரட்டினா மொழி மேலயே வெறுப்பு வந்துடும். அதுக்குப் பதிலா தமிழ் மட்டுமே தெரிஞ்ச ஆள் கூட பேச வேண்டிய தேவைய உருவாக்குங்க, வயசான சொந்தக்காரங்ககிட்ட வீடியோ கால், அந்த மொழி பேசுற பிள்ளைங்க கூட விளையாட்டு. தேவை இருந்தா வாய் திறக்கும். அதுக்குன்னு சொந்தக்காரங்க முன்னாடி நிறுத்தி பேச வெச்சு உச்சரிப்ப கேட்டு சிரிக்கிறது மட்டும் வேணாம், அன்னியோட மூடின வாய் திறக்காது.

கேள்வி: அம்மா ஒரு மொழி, அப்பா ஒரு மொழின்னு கண்டிப்பா இருக்கணுமா?

கண்டிப்பா எல்லாம் வேணாம். அது ஒரு வழி, வேல செய்ற வீட்ல செய்யும். கேக்குற நேரமும் பேச்சோட தரமும்தான் முக்கியம்.

கேள்வி: ஆப், வீடியோ போட்டுக் குடுத்தா மொழி வருமா?

ரொம்ப சின்னக் குழந்தைக்கு வராது. பேட்ரிசியா கூல் 2003ல அமெரிக்காவுல 9 மாசக் குழந்தைங்களுக்கு மாண்டரின்ங்கற சீன மொழிய 12 தடவ கேக்க வெச்சாங்க. நேர்ல ஆள் விளையாடிப் பேசினப்ப அந்த மொழியோட ஒலிய பிரிச்சு கேக்க கத்துக்கிட்டாங்க, அதே ஆள் வீடியோல வந்தப்ப ஒண்ணும் ஏறல. பெரிய பிள்ளைங்களுக்கு வீடியோ உதவும், ஆனா கூட உக்காந்து பாத்து அத பத்தி பேசினாதான்.

கேள்வி: ரெண்டு மொழின்னா மூளை சுறுசுறுப்பா ஆகுமாமே?

1923ல வேல்ஸ்ல சேயர்ங்கறவர் ரெண்டு மொழிக் குழந்தைங்க மந்தம்னு எழுதினார், குடும்ப வசதிய கணக்குல எடுக்காம ஒப்பிட்டது அதோட பெரிய ஓட்ட. 1962ல மான்ட்ரியால்ல பீல், லாம்பர்ட் ரெண்டு பேரும் அத சரி பண்ணி ஒப்பிட்டப்ப ரெண்டு மொழிக் குழந்தைங்க முன்னாடி இருந்தாங்க. அதுக்கப்பறம் கவனத் திறன் கூடுதுன்னு சொன்ன ஆய்வும் வந்துச்சு, இல்லன்னு சொன்ன ஆய்வும் வந்துச்சு, சண்டை இன்னும் ஓயல. மூளைக்காக மொழி கத்துக் குடுக்காதீங்க. ரெண்டு பக்கத்து மனுஷங்களோடயும் பேச முடியறதே போதுமான காரணம்.

கேள்வி: பதிமூணு வயசுல புது நாட்டு ஸ்கூல்ல சேர்றா. ரொம்ப லேட்டா?

லேட் இல்ல, ஆனா வேற மாதிரி கஷ்டம். சொந்த மொழில நல்லா படிச்சிருந்தா அந்த அறிவு கூட வருது, கணக்குல சீக்கிரம் எழுந்துடுவா. நேரம்தான் எதிரி, பொதுத் தேர்வு பக்கத்துல இருக்கும். அதனால மொழி வர்ற வரைக்கும் பாடத்த நிறுத்தி வெக்க விடாதீங்க, சயின்ஸயும் வரலாறையும் வீட்டு மொழிப் புத்தகத்துலயோ வீடியோலயோ இணையா படிக்கட்டும். பழைய மார்க் ஷீட்ட ஸ்கூல்ல காட்டுங்க. அங்க வகுப்புல முதல் மாணவியா இருந்த பிள்ள இங்க ஒண்ணும் தெரியாதவளா உக்காந்திருக்கறது எவ்ளோ வலின்னு டீச்சருக்கும் தெரியணும்.

கேள்வி: பேரன்ட்ஸ் மீட்டிங்ல எனக்கு அவங்க பேசுறது முழுசா புரியல. பையனே மொழிபெயர்த்து சொல்றான்.

இத தவிர்க்கப் பாருங்க. தன்னோட மார்க்க, தன்ன பத்தின குறைய, சில சமயம் சோதனை ரிசல்ட்ட ஒரு குழந்தை தானே தன் அப்பா அம்மாவுக்கு சொல்றது அதோட தோள்ல ஏத்தக் கூடாத பாரம், பயத்துல பாதிய விழுங்கிடவும் செய்யும். மொழிபெயர்ப்பாளர் வேணும்னு ஒரு வாரம் முன்னாடியே எழுதிக் கேளுங்க, நிறைய எடத்துல கேட்டாதான் ஏற்பாடு பண்ணுவாங்க. கெடைக்கலன்னா நம்பிக்கையான ஒரு பெரியவங்கள கூட்டிட்டுப் போங்க. போறப்ப மூணு கேள்விய எழுதி எடுத்துக்கங்க: பாடம் புரியலையா இல்ல கேள்வியோட மொழி புரியலையா, மொழி உதவி வாரத்துக்கு எத்தனை மணி நேரம், அடுத்த மாசம் என்ன பாடம் வருது. மூணாவதுக்கு பதில் கெடச்சா அந்தப் பாடத்த வீட்ல உங்க மொழில முன்கூட்டியே பேச ஆரம்பிச்சிடலாம்.